அரைப்பேர்

ஏழாம் நம்பர் பேண்டைப் பற்றி
இதுவரை மூன்று புத்தகங்கள்.
மூன்றையும் நின்றுகொண்டே படித்தேன்,
தலவாக்கலை பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால்
நிசாம்தீன் கடையில்,
கிரீஸ் கையைச் சாரத்தில் துடைத்துத் துடைத்து.

முதலாவது கெட்டி அட்டை, நாலாயிரத்து எண்ணூறு.
கொழும்புப் பத்திரிகைக்காரர் எழுதியது.
பக்கத்துக்குப் பக்கம் பனி இறங்குகிறது.
எங்கள் முதல் பாட்டு
மலையுச்சியில் இடிமின்னலுக்கு நடுவே பிறந்ததாம்.
பிறந்தது டயர்க் கடையில்.
மழை பெய்ததென்னவோ உண்மை.
தகரம் ஒழுகி அம்பிளிபயரில் சொட்டியது,
ஜோக்கிம் யூரியாப் பையை எடுத்து மூடினான்.
எந்தப் புத்தகத்திலும் அந்த யூரியாப் பை இல்லை.

இரண்டாவதை எழுதியவர் டொரன்டோவில் இருக்கிறார்.
பாட்டுக்குப் பாட்டு அலசியிருக்கிறார், பாவம்.
முதல் கசெட் முழுக்கச்
சுருதி கால்வாசி இறங்கி நிற்பதைக் கண்டுபிடித்து
அதற்கென்றே ஓர் அத்தியாயம்:
‘இறங்கிய சுருதி, இறக்கப்பட்ட மக்கள்.’
வாசிக்க நன்றாகத்தான் இருந்தது.
எங்களிடம் சுருதிப் பெட்டி இல்லை.
காற்றடிக்கும் கொம்பிரசர் இருந்தது.
ஓடும்போது ஒரே சுரத்தில் முனகும்,
அதற்குத்தான் கிதாரை முறுக்கிக்கொண்டோம்.
கரண்ட் குறைந்த நாளில்
நாங்களும் குறைந்தோம்.

மூன்றாவது, புஷ்பராஜ் தானே எழுதியது.
அட்டையில் அவன் முகம், நரை தெரியாத வெளிச்சம்.
கடைசியில் சொல்லடைவு.
‘ச’வில் விரல் வைத்து இறங்கினேன்.
சண்டை, மேடையில்: பதினோரு பக்கங்கள்.
சம்பளத் தகராறு: ஒன்பது.
இரண்டுக்கும் இடையில்
சந்தனம், பழைய நண்பர்: நாற்பத்தொன்று.

கொழுந்து குறைந்தால் தோட்டத்தில் அரைப்பேர் போடுவார்கள்.
அம்மா தராசடியில் நின்று
கணக்கப்பிள்ளையோடு மல்லுக்கு நிற்பாள்,
ஈரத்துக்குக் கழிச்ச, சாக்குக்குக் கழிச்ச,
இன்னும் எதுக்குய்யா கழிக்கிற என்று.
நாற்பத்தோராம் பக்கத்தை
எந்தத் தராசடிக்குக் கொண்டுபோக?

‘கொழும்புக் கச்சேரிக்கு வேன் புறப்பட்டது.
சந்தனம் வரவில்லை.’

வந்தேன்.
கினிகத்தேனை வரைக்கும் வந்தேன்,
பின்சீட்டில், பேஸ் கிதாரை மடியில் கிடத்தி.
செக் பொயின்ற்றில் இறக்கி அடையாள அட்டை கேட்டார்கள்.
நாலு பேரிடம் இருந்தது.
என்னிடம் துரை கையெழுத்துப் போட்ட துண்டுக் கடிதம்,
மழையில் நனைந்து
கையெழுத்து மட்டும் கரைந்திருந்தது.
பெஞ்சில் உட்காரச் சொன்னார்கள்.
வேன் எஞ்சினை அணைக்கவில்லை.
புஷ்பராஜ் இறங்கி நடந்து வந்தான்,
என்னிடம் அல்ல, கிதாரிடம்.
‘யாராவது வாசிப்பான்’ என்றான்.

அன்று இரவுதான் அவர்கள் அவர்களானார்கள்.
மூன்று புத்தகங்களும்
இந்த ஒன்றில் மட்டும் ஒத்துப்போகின்றன.

அவன் இடத்தில் நான் இருந்திருந்தால்?
தெரியாது.
எஞ்சினை அணைத்திருப்பேன்
என்று மட்டும் நினைக்கிறேன்.

‘உங்களுக்கெண்டா பாதி விலைக்குத் தாறேன்’
என்றார் நிசாம்தீன்.
எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது,
அவருக்கு ஏனென்று விளங்கவில்லை.

போன போயாவுக்கு ஒரு வேன் வந்தது, பஞ்சர்.
ஐந்தாறு இளவட்டங்கள், டீசேட்டில் பெரிதாக ஏழு.
அந்த மலை எது அங்கிள் என்றார்கள்.
ரோட்டுக்கு மேலே கை காட்டினேன்.
ஏழாம் நம்பரில் இப்போது தேயிலை இல்லை,
டர்பன்டைன் மரம்தான்.
அதையும் படம் பிடித்துக்கொண்டார்கள்.
வேனுக்குள் யாருடைய போனிலோ
எங்கள் முதல் கசெட்.

கொம்பிரசரைப் போட்டேன்.
ஒரு பெண் படியில் கால் வைத்தவள்
அப்படியே நின்று
பாட்டையும் மெஷினையும் மாறி மாறிக் கேட்டாள்.
டயரில் நாற்பது ராத்தல் ஏறிவிட்டது.
இன்னும் கொஞ்ச நேரம்
ஓடவிட்டேன்.